ஞாயிற்றுக்கிழமைப் புருசன்

— பகிடி விடாதையுங்கோ தம்பி. கமராவை எங்கை ஒளிச்சு வைச்சிருக்கிறியள்? அந்தப் பூச்சாடிக்குப் பின்னாலையோ?

— கமராவும் இல்லை ஒண்டும் இல்லை, மிஸ். சத்தியமா நாங்கள் பிரியத்தான் வந்தனாங்கள். சட்டத்தரணிதான் சொன்னவர், முதல் கிளிநொச்சியிலை கமலாசனி மிஸ்ஸிட்டை ஆலோசனைக்குப் போயிட்டு வாங்கோ எண்டு.

— எனக்குத் தெரியாதே! நான் உங்கடை 'கொஞ்சும் குடும்பம்' பக்கத்தை முதல் நாளிலையிருந்து பாக்கிறனான். நிரோஜா, பிரதாபன், உருத்திரபுரம். காலமை விடிஞ்சா நீங்கள் தேத்தண்ணி போட்டுத் தங்கச்சிக்குக் கட்டிலடியிலை கொண்டுபோய்க் குடுக்கிறனீங்கள்.

— அதுக்குள்ளை தேத்தண்ணி இல்லை மிஸ். வெறுங் கோப்பை.

— என்ன?

— வெறுங் கோப்பை. ஆவி பறக்கவேணுமெண்டு கோப்பைக்குப் பின்னாலை சாம்பிராணி பிடிச்சவ. அண்டு முழுக்க எனக்குத் தும்மல்.

— ஏன் வெறுங் கோப்பை எண்டு இவரைக் கேளுங்கோ மிஸ். இவருக்குத் தேத்தண்ணி போடத் தெரியாது. சீனியும் உப்பும் பக்கத்திலை பக்கத்திலை கிடந்தா வித்தியாசம் தெரியாது. அதையும் சொல்லச் சொல்லுங்கோ.

— தங்கச்சி, அவர் உங்களுக்குப் பக்கத்துக் கதிரையிலைதானே இருக்கிறார். நீங்களே கேளுங்கோவன்.

— நான் இவரோடை கதைக்கிறேல்லை மிஸ். வெள்ளத்துக்குப் பிறகு கதையே இல்லை.

— கடவுளே! தைப்பொங்கலுக்கு ரெண்டுபேரும் ஒரே நிறத்திலை உடுத்துக்கொண்டு ஒரு பானையிலை அரிசி போட்டியளே! மாசியிலை தம்பி உங்களுக்குத் தலை இழுத்துப் பின்னி விட்டாரே! நான் அதைப் பாத்திட்டு ரெண்டு நாள் பெருமூச்சு விட்டனான்.

— அது வீடியோ, மிஸ். கமரா ஓடினாக் கதைப்பம். கமரா நிண்டாக் கதையும் நிண்டிடும்.

— மார்கழியிலை ஒருநாள் சாப்பிடேக்கை இவருக்குக் கறியிலை உப்புப் போதாமல் போச்சு. என்னட்டைக் கேக்க ரோசம். என்ன செய்தவர் தெரியுமோ? போனை எடுத்துக் கமராவைப் போட்டிட்டு, 'செல்லம், அந்த உப்பை ஒருக்காத் தாறியளோ' எண்டு கேட்டவர். நானும் சிரிச்சுக்கொண்டு குடுத்தனான். அதுக்கு ஆயிரத்து நூறு லைக் விழுந்தது.

— பொறுங்கோ, பொறுங்கோ. எனக்குத் தலை சுத்துது. வெளியிலை வாங்கிலை இருந்த சோடி உங்களோடை செல்பி எடுத்தவையெல்லோ?

— ஓம் மிஸ். நல்ல பிள்ளையள். கையெல்லாம் குலுக்கினவை.

— அவை ரெண்டுபேரும் பிரியத்தான் வந்தவை. உங்களைக் கண்டவுடனை, 'மிஸ், நாங்கள் வீட்டை போய் இன்னொருக்கா யோசிச்சிட்டு வாறம்' எண்டு எழும்பிப் போட்டினம். இதே மேசையிலை வைச்சுப் பதினொரு சோடிக்கு உங்கடை வீடியோவைக் காட்டியிருக்கிறன். நாலு சோடி திரும்பச் சேந்திட்டினம்.

— மிச்சம் ஏழும்?

— அதைப் பாத்துப்போட்டுக் கூடச் சண்டை பிடிச்சவை. அதை விடுங்கோ. சரி, உள்ளபடி பிரியிறதெண்டால் படிவம் நிரப்பவேணும். தம்பி, உங்களுக்கு என்ன வேணும்?

— ஒண்டும் வேண்டாம் மிஸ். வீடும் வேண்டாம், மாடும் வேண்டாம். என்னை விட்டாக் காணும்.

— தங்கச்சிக்கு?

— எனக்கு ஒரே ஒரு நிபந்தனைதான். எழுதுங்கோ மிஸ். ஞாயிற்றுக்கிழமை காலமை ஒன்பது மணிக்கு இவர் வீட்டை வரவேணும்.

— பிள்ளையைப் பாக்கவோ?

— எங்களுக்குப் பிள்ளை இல்லை. வீடியோவுக்கு.

— பிரிஞ்சாப் பிறகுமோ!

— பிரிஞ்சது எங்கள் மூண்டு பேருக்கும்தானே தெரியும். சனத்துக்கு ஏன் தெரியவேணும்? ஒரு ஞாயிறிலை ஆறு வீடியோ எடுக்கலாம் மிஸ். கிழமைக்குக் காணும். ஆறு சேட் கொண்டு வரட்டும்.

— இப்பவே அப்பிடித்தான் நடக்குது மிஸ். பொங்கல் முடிஞ்ச கையோடை நான் பளைக்கு, அக்கா வீட்டை போயிட்டன். அங்கையிருந்து ஒவ்வொரு ஞாயிறும் ஆறு சேட்டோடை பஸ் ஏறுறன். ராஜினி அக்கா கேக்கிறா, 'தம்பி, நீ மனிசியை விட்டிட்டு வந்தனியோ, இல்லாட்டி உடுப்புக் கடை போட்டனியோ' எண்டு.

— அப்ப ஏன் தம்பி போறனீங்கள்?

— ஏனோ போறன். அதை விடுங்கோ. எழுதுறதெண்டால் என்ரை நிபந்தனையையும் எழுதுங்கோ. தீத்தி விடுறது இல்லை. கலியாண நாளுக்குக் கேக் தீத்தேக்கை என்ரை விரலைக் கடிச்சவ.

— நான் கடிக்கேல்லை மிஸ். இவர் கேக்கை வாய்க்குள்ளை வைக்காமல் மூக்குக்குள்ளை வைச்சவர். மூச்செடுக்க வாயைத் திறந்தனான், விரல் வந்து மாட்டினது.

— அந்த மூண்டு தட்டுக் கேக்தானே? நல்ல வடிவான கேக்.

— மேல் தட்டு மட்டும் கேக் மிஸ். கீழை ரெண்டும் ரெஜிபோம், ரிவிப் பெட்டிக்குள்ளை வாற வெள்ளை நுரைக் கட்டி. மேலை கிறீம் பூசினது. நான் சிரிச்சுக்கொண்டு வெட்டுறன், கத்தி கிறீச்செண்டுது. அந்தச் சத்தம் கேக்கக் கூடாதெண்டு அவ கை தட்டச் சொன்னவ. இன்னுமொண்டு. மஞ்சள் சேட் போட மாட்டன். அதைப் போட்டா நான் பழுத்த பப்பாசி மாதிரிக் கிடக்கிறன்.

— அது இவருக்கு எவ்வளவு எடுப்பு எண்டு சனம் எழுதுது மிஸ். கனடாவிலையிருந்தெல்லாம் எழுதுகினம்.

— கனடாவிலை இருக்கிறவை வந்து போடட்டும்.

— சரி, சரி. நான் சிரிச்சுப்போட்டன், மன்னிச்சுக்கொள்ளுங்கோ. ஆனால் தம்பி, ரெஜிபோம் கேக்குக்கும் மஞ்சள் சேட்டுக்கும் ஒருத்தரும் பிரியிறேல்லை. பதினாறு வருசமா இந்தக் கதிரையிலை இருக்கிறன். உள்ளதைச் சொல்லுங்கோ. அந்த வெள்ளத்திலை என்ன நடந்தது?

— அதை அவவிட்டைக் கேளுங்கோ.

— நான் உங்களிட்டைத்தான் கேக்கிறன்.

— கார்த்திகை வெள்ளம், மிஸ். நாலு ஏக்கர். முழங்காலளவு பயிர் நிண்டது. விடிய எழும்பிப் போறன், வரம்பும் தெரியேல்லை, வாய்க்காலும் தெரியேல்லை, ஒரே தண்ணி. இடுப்பளவு தண்ணிக்குள்ளை நிண்டனான். என்ன செய்யிறதெண்டு தெரியாமல் சும்மா நிண்டனான். பின்னேரம் கரைக்கு வந்து போனைத் திறக்கிறன், 'எங்கள் வயல், எங்கள் பெருமை, பச்சைப் பசேல்' எண்டு கொஞ்சும் குடும்பம் வீடியோ போட்டிருக்குது. அதுக்குள்ளை நான் பல்லெல்லாம் தெரியச் சிரிக்கிறன். போன வருசப் பயிர், போன வருசச் சிரிப்பு.

— அப்ப அண்டைக்கே கேட்டிருக்கலாமே தம்பி.

— கேக்கேல்லை மிஸ். அடுத்த நாள் நட்டஈட்டுக்கு அழிவு பதியிறதுக்கு லைனிலை போய் நிக்கிறன். எனக்குப் பின்னாலை பக்கத்து வயல் இளையதம்பி அண்ணை. அவர் போனைத் தூக்கி அந்த வீடியோவை லைன் முழுக்கக் காட்டுறார். 'பிரதாபன்ரை வயலுக்கு மட்டும் வெள்ளம் வரேல்லை, வரம்பாலை விலத்தி நடந்து போயிட்டுது' எண்டு. சனம் விழுந்து விழுந்து சிரிக்குது. பதியிற ஐயாவும் சிரிச்சுப்போட்டு, 'தம்பி, நான் ஒருக்கா வந்து பாத்திட்டுப் பதியிறன்' எண்டவர். வந்து பாத்தவர், பதிஞ்சவர். அந்த மனிசனிலை பிழை இல்லை. ஆனால் அந்த லைனிலை நான் பொய்யனா நிண்டன் மிஸ். பயிர் அழிஞ்ச அத்தினை பேருக்குள்ளையும் நான் ஒருத்தன்தான் பொய்யன். வீட்டை வந்தா அவ கேக்கிறா, 'மஞ்சள் சேட்டைப் போடுங்கோ, ஒரு சின்ன வீடியோ எடுப்பம்' எண்டு.

— தங்கச்சி, நீங்கள் ஏன் தலையைக் குனியிறியள்?

— இவர் லைனிலை நிண்ட கதை எனக்குத் தெரியாது மிஸ்.

— எப்பிடித் தெரியும்? கமராவுக்கு முன்னாலை அதைச் சொல்லேலாதே.

— நான் ஏன் அந்த வீடியோவைப் போட்டனான் எண்டு நீங்கள் ஒருநாள் தன்னும் கேட்டனீங்களோ?

— லைக்குக்குத்தானே போட்டனீ. கேக்க என்ன கிடக்குது?

— லைக்! இவருக்கு அதுதான் தெரியும். பக்கத்தைப் பாக்கிற முப்பதாயிரம் பேரும் எனக்கு ஆர்? நான் ஒரே ஒரு ஆளுக்குத்தான் வீடியோ போடுறன்.

— ஆர் அந்த ஆள்? உள்ளதைச் சொல்லு.

— அப்பா.

— ஆற்றை அப்பா?

— என்ரை அப்பா. செட்டிகுளத்திலை இருக்கிறவர். மிஸ், எனக்கு வெளிநாட்டு மாப்பிள்ளை பாத்து, பலகாரத்துக்கு மா இடிச்சு வைச்சிருக்கேக்கை நான் இவரோடை வந்தனான். அப்பா படலையிலை நிண்டு சொன்னவர், 'ஆறு மாசத்திலை பெட்டியோடை வருவாய், வந்தாத் திறக்க மாட்டன்' எண்டு. நாலு வருசம் போச்சு. ஒருநாள் போன் எடுக்கேல்லை. ஆனால் நான் ஸ்டோரி போட்டு ரெண்டு நிமிசத்திலை, பாத்த ஆக்களின்ரை பேரிலை முதல் பேர் அப்புத்துரை. ஒவ்வொரு நாளும். லைக் போடமாட்டார், ஒரு சொல்லு எழுதமாட்டார். பாப்பார்.

— இது எனக்குத் தெரியாதே, நிரோ.

— வெள்ளத்தண்டு கிளிநொச்சியெல்லாம் தண்ணி எண்டு செய்தியிலை போகுது. அப்பா பாப்பார், 'பாத்தியோ, வயலும் போச்சு, வாழ்க்கையும் போச்சு' எண்டு நினைப்பார். அதுக்காண்டித்தான் போன வருசப் பச்சையைப் போட்டனான். போட்டிட்டுக் குசினிக்குள்ளை இருந்து அழுதனான். நீங்கள் தண்ணிக்குள்ளை நிண்டியள், நான் குசினிக்குள்ளை இருந்தன்.

— எனக்கொரு சொல்லுச் சொல்லியிருக்கலாமே. கொப்பர் பாக்கிறார் எண்டு தெரிஞ்சிருந்தா நான் அந்த மஞ்சள் சேட்டோடை படுத்து எழும்பியிருப்பன்.

— எப்பிடிச் சொல்லுறது? உங்களை நம்பி வந்தது பிழையில்லை எண்டு ஒருத்தருக்குக் காட்டிக்கொண்டே இருக்கிறன் எண்டு சொன்னா, உங்களுக்கு நோகாதே?

— நோகும்தான். இப்ப நோகேல்லையோ?

— தம்பி, தங்கச்சி, நான் இடையிலை வாறதுக்குக் கோவிக்காதையுங்கோ. இந்தப் படிவத்திலை ஒரு கேள்வி கிடக்குது. ரெண்டு பக்கத்துப் பெற்றோருக்கும் தெரியுமோ எண்டு.

— எனக்குத் தாய் தேப்பன் இல்லை மிஸ். அக்காவுக்குத் தெரியும்.

— தங்கச்சி, அப்பான்ரை நம்பரைச் சொல்லுங்கோ. நான் கந்தோர் போனிலை எடுக்கிறன்.

— வேண்டாம் மிஸ்! நாலு வருசமாக் கதைக்காத மனிசனுக்கு, முதல் கதையா இதைச் சொல்லுறதோ?

— சொல்லு நிரோ. நான் பக்கத்திலைதானே இருக்கிறன்.

— மிஸ்... சரி. நம்பர் இந்தாங்கோ, என்ரை போனிலை கிடக்குது. எடுத்துச் சத்தமாப் போடுங்கோ.

— ஹலோ! ஐயா, அப்புத்துரை ஐயாவோ கதைக்கிறது?

— ஓம், ஓம். கெதியாச் சொல்லுங்கோ. அடுப்பிலை சோறு கிடக்குது, அடிப்பிடிக்கிற மணம் வருது.

— நான் கிளிநொச்சியிலையிருந்து கமலாசனி. குடும்ப ஆலோசனைக் கந்தோர்.

— ஓகோ! அங்கை வரைக்கும் வந்து எழுதிக் குடுத்திட்டாவோ? இஞ்சை பாருங்கோ அம்மா, அவ சொல்லுறதிலை பாதிதான் உண்மை. நான் கோப்பையை எறியேல்லை. அது கையாலை வழுகினது.

— ஆர் ஐயா? ஆரைச் சொல்லுறியள்?

— என்ரை மனிசியைத்தான். வேறை ஆரை? தமையன் வீட்டை போய் இண்டைக்கு மூண்டு கிழமை. முப்பத்தாறு வருசக் குடித்தனம், ஒரு போனாலை போச்சு.

— என்ன போனாலை?

— எல்லாம் என்ரை மகளின்ரை வீடியோவாலை, அம்மா. விடிஞ்சா என்ரை போனை எடுத்துக்கொண்டு போய் முத்தத்திலை இருந்திடுவா. பாத்துப்போட்டு என்ரை முகத்துக்கு நேரை கொண்டு வருவா. 'பாருங்கோ மருமகனை, தேத்தண்ணி போட்டுக் குடுக்கிறார். நீங்கள் எனக்கு ஒருநாள் குடுத்தனீங்களோ?' அடுத்த நாள், 'பாருங்கோ, தலை இழுத்து விடுறார். நீங்கள் என்ரை தலையிலை கை வைச்சது கலியாணத்தண்டுதான்.' எனக்கு வயசு அறுபத்தெட்டு. நான் எங்கை போய்த் தலை பின்னப் பழகுறது?

— கடவுளே.

— கடைசியா அந்தக் கலியாண நாள் வீடியோ வந்துது. மூண்டு தட்டுக் கேக். எங்கடை கலியாண நாளும் அதே கிழமைதான். நான் மறந்துபோனன். அண்டைக்குப் பெட்டியை அடுக்கினவ. போகேக்கை சொல்லிப்போட்டுப் போறா, 'பிள்ளை ஆளைப் பாத்துப் பிடிச்சுக்கொண்டு போனவள். நான்தான் பாக்காமல் வந்திட்டன்' எண்டு.

— அப்பா...

— ஆரது?

— நான்தான் அப்பா. நிரோ.

— ஐயா? ஐயா, லைனிலை இருக்கிறியளோ?

— இருக்கிறன், இருக்கிறன். சோத்தை இறக்கினனான். பிள்ளை, உன்ரை குரல் வீடியோவிலை வேறை மாதிரிக் கேக்கும்.

— வீடியோவிலை சிரிச்சுக் கதைக்கிறனான் அப்பா. நீங்கள் ஒவ்வொரு நாளும் பாக்கிறியள் எண்டு நினைச்சன்.

— கொம்மாதான் பாக்கிறவ. அவ போன பிறகு மூண்டு கிழமையா நான் பாக்கிறன். வீட்டிலை ஒரு சத்தமும் இல்லைப் பிள்ளை, என்ன செய்யிறது? அது கிடக்கட்டும், நீ ஏன் கந்தோரிலை நிக்கிறாய்?

— நீங்கள் படலையிலை நிண்டு சொன்னது சரி அப்பா. நாங்கள் பிரியிறதெண்டு வந்தனாங்கள்.

— விசர்க் கதை கதையாதை! நான் கோவத்திலை எதையோ சொன்னனான். உனக்குத் தேத்தண்ணி போட்டுத் தாற பெடியனை விட்டிட்டு எங்கை போகப்போறாய்?

— அது வெறுங் கோப்பை அப்பா. அந்தக் கேக் ரெஜிபோம். தலை பின்னினது நான்தான், அவர் கடைசி முடிச்சை மட்டும் பிடிச்சவர். முந்தி ஒவ்வொரு வீடியோவும் சண்டை பிடிச்சுப்போட்டுத்தான் எடுத்தனாங்கள், இப்ப கதையும் இல்லை.

— பொறு, பொறு. அப்ப வீட்டிலை நீங்கள் சண்டை பிடிக்கிறனீங்களோ?

— ஓம் அப்பா.

— நல்லாவோ?

— நல்லா. பக்கத்து வீட்டு நாய் குலைக்கிற அளவுக்கு.

— அப்பாடா! என்ரை பிள்ளையாரப்பா! இப்பதான் எனக்கு மூச்சு வருது.

— ஏன் அப்பா சந்தோசப்படுறியள்?

— பின்னை என்ன? நாலு வருசமா உலகத்திலை நான் ஒருத்தன்தான் கூடாத புருசன் எண்டு இருந்தன். பிள்ளை, அந்தப் பெடியனும் பக்கத்திலை நிக்கிறானோ?

— நிக்கிறன் மாமா. பிரதாபன் கதைக்கிறன்.

— ஆ, தம்பி. உம்மாலை நான் பட்ட பாடு உமக்குத் தெரியாது. வெள்ளம் வந்துது எண்டாங்கள், உம்மடை வயல் தப்பிச்சிட்டுதாமே?

— இல்லை மாமா. முழுக்கப் போச்சு. அதுவும் பழைய வீடியோ.

— அட! ஏன் தம்பி எனக்கொரு போன் எடுக்கேல்லை? இஞ்சை விதை நெல்லு அறைக்குள்ளை மூட்டையாக் கிடந்தது. அனுப்பியிருப்பனே. பிள்ளை, என்ன அழுறியோ?

— இல்லை அப்பா. தடிமன், மூக்கு ஒழுகுது.

— சரி, ஒரு உதவி செய்யுங்கோ. உந்தப் பக்கத்திலை ஒரே ஒரு சண்டை வீடியோ போடுங்கோ. நல்லாச் சத்தம் வரவேணும். கொம்மா தமையன் வீட்டிலையிருந்து அதைப் பாக்கட்டும். பாத்தா அண்டைக்கே பஸ் ஏறுவா.

— போடுறம் மாமா. வாற ஞாயிறு எடுப்பம்.

— ஞாயிறோ? அதுவரைக்கும் அப்பா எரிஞ்ச சோறு தின்னுறதோ? இண்டைக்கே வீட்டை வாங்கோ.

— நான் மாத்துச் சேட் கொண்டு வரேல்லை நிரோ.

— சண்டைக்கு உந்தச் சேட் காணும்.

— அப்ப இந்தப் படிவத்தை நான் என்ன செய்யிறது?

— தாங்கோ மிஸ். வீடியோவிலை கிழிக்கிறதுக்கு ஒண்டு வேணும்.

— தம்பி, போனை வைக்க முதல் ஒண்டு கேளும். கமரா ஓடேக்கை என்ரை பிள்ளையை எவ்வளவும் ஏசும், நான் ஒண்டும் நினைக்க மாட்டன். கமரா நிண்டாப் பிறகு மட்டும் ஏசிப்போடாதையும்.